புதுப்பிப்பு: கான்ட்ரா என்ற பழைய சுடும் கேமை முடித்துவிட்டேன், சீட் போட்டுத்தான்

தனியாக ஆடும் பழைய கேம்களில் சீட் (cheat, அதாவது கேமை எளிதாக்கும் குறுக்குவழி) போடலாமா என்று முன்பு கேட்டிருந்தேன். "அப்புறம் எதற்கு ஆடவேண்டும்" என்று சிலர் திட்டினீர்கள். சரி, நடந்ததைச் சொல்கிறேன்.

முதலில் எமுலேட்டரில் (பழைய கன்சோல் போல நடிக்கும் மென்பொருள்) கேம் ஜீனி கோடு போட்டு, தீராத உயிரோடு ஆடினேன். அந்தக் காலத்து கேம் ஜீனி என்ற கருவி, கேட்ரிட்ஜுக்கும் கன்சோலுக்கும் நடுவில் உட்கார்ந்து, கேம் படிக்கும் மதிப்பை மாற்றிக் கொடுக்கும். எமுலேட்டரும் அதைத்தான் செய்கிறது. சாகவே மாட்டேன் என்றானதும் குண்டுக்கு விலகக்கூடத் தோன்றவில்லை. ஒரே சலிப்பு.

பிறகு மேல் மேல் கீழ் கீழ் என்று பட்டன்களை அழுத்தத் தொடங்கும் கொனாமி கோடு போட்டேன், 30 உயிர் கிடைத்தது. இதுதான் சரியான அளவு; பயமும் இருந்தது, முடிக்கவும் முடிந்தது. 1986இல் கிரேடியஸ் என்ற இன்னொரு கேமை நின்டெண்டோவின் ஃபாமிகாம் கன்சோலுக்கு மாற்றிய கசுஹிசா ஹஷிமோட்டோ, சோதித்துப் பார்க்கத் தனக்கே கடினமாக இருந்ததால் முதலில் அதில் வைத்த கோடு அது. செய்தவருக்கே கஷ்டமாம், நமக்கென்ன வெட்கம்!

ஆட்டத்தை எந்த இடத்திலும் அப்படியே சேமித்து வைக்கும் சேவ் ஸ்டேட்டை மட்டும் சீட் என்று சொல்லாதீர்கள். யாங்கூனில் கரண்ட் போகிற போக்குக்கு அது இல்லாமல் எதையும் முடிக்க முடியாது.

அடுத்து டூம் கேம். சாகாமல் வைக்கும் ஐடிடிக்யூடி கோடு வேண்டாம்; ஆயுதம், குண்டு, கவசம் தந்து சாவி மட்டும் தராத ஐடிஎஃப்ஏ போதும். சாவிகளை நானே தேடிக்கொள்கிறேன்.