நெஞ்சில் உணவு அடைத்தபோது: குளுக்ககான் ஊசி போட்டவர்கள், போட்டுக்கொண்டவர்கள் அனுபவம்

இரவுப்பணி செவிலி:

அவசர சிகிச்சைப் பிரிவில் எனக்கு இது 11ஆவது வருடம். ஒருவர் கையில் கிண்ணத்தோடு, நிமிடத்துக்கு இரண்டு தடவை எச்சில் துப்பியபடி தானே நடந்து உள்ளே வந்தால், மற்றவர்கள் கண்ணுக்கு அவர் அவசர நோயாளியாகவே தெரியமாட்டார். எனக்கு அந்தக் கிண்ணத்தைப் பார்த்ததுமே புரிந்துவிடும். எச்சில்கூட இறங்கவில்லை என்றால் உணவுக்குழாய் முழுசாக அடைத்துக்கொண்டிருக்கிறது.

அப்படி வந்த ஒருவரைப் பற்றி எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன். நாற்பது வயதிருக்கும். இரவுச் சாப்பாட்டில் ஒரு இறைச்சித் துண்டு நெஞ்சுக்குழிக்குக் கொஞ்சம் மேலே நின்றுவிட்டது. எங்களிடம் வந்தது நாலு மணி நேரம் கழித்து. "புரையேறிடுச்சு சிஸ்டர், முதுகுல தட்டித் தட்டிப் பாத்தோம், போகல" என்றார் மனைவி. புரையேறவில்லை. புரையேறினால் இருமல் வரும், மூச்சு திணறும், மூச்சுக்குழாய் முழுதும் அடைத்தால் பேச்சே வராது. அங்கே நொடிக் கணக்கு. இவர் தெளிவாகப் பேசினார், மூச்சும் சீராக இருந்தது. ஆனால் ஒரு மடக்குத் தண்ணீர் குடித்தால் அது அப்படியே திரும்பி வந்தது. வீட்டில் "இதையும் குடி, தள்ளிட்டுப் போகும்" என்று மூன்று தம்ளர் கொடுத்திருக்கிறார்கள். மூன்றும் வாந்தி. அந்தத் தண்ணீர் நுரையீரலுக்குப் போகாமல் இருந்தது அவர் செய்த புண்ணியம்.

வாய் வழியாகக் கேமராக் குழாய் (ஸ்கோப்) விட்டுப் பார்க்கிற எண்டோஸ்கோப்பி குழுவுக்கு டாக்டர் உடனே போன் செய்தார். அவர்கள் வீட்டிலிருந்து கிளம்பி வர வேண்டும். "வர்றதுக்குள்ள 1 மில்லிகிராம் குளுக்ககான் போட்டுப் பாத்துடலாம்" என்றார். சர்க்கரை தாழ்ந்து மயங்கியவர்களுக்குப் போடுகிற அதே மருந்துதான், உணவுக்குழாய்த் தசையைத் தளர்த்தும் என்று இதற்கும் போடுவோம். வெள்ளைப் பொடியாக இருக்கும். கூட வருகிற நீரைக் குப்பிக்குள் விட்டு, குலுக்காமல், இரண்டு உள்ளங்கைக்கும் நடுவே வைத்து உருட்டிக் கரைப்பேன். தண்ணீர் மாதிரி தெளிந்த பிறகுதான் சிரிஞ்சில் எடுப்பேன். ஆளை நிமிர்த்தி உட்கார வைத்து, மடியில் கிட்னி டிரே, பக்கத்தில் சக்ஷன் (வாயில் சேருவதை உறிஞ்சும் கருவி) ஓடிக்கொண்டிருக்க வேண்டும். ஏனென்றால் இந்த மருந்து குமட்டலைக் கொண்டு வரும். அவசரப்பட்டு ஒரே தள்ளாகத் தள்ளினால் நிச்சயம் வாந்திதான். கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே இரண்டு நிமிடத்தில் ஏற்றினேன்.

பாதி போகும்போதே முகம் வெளுத்து, மேலுதட்டில் வியர்வை. "சிஸ்டர், ஒரு மாதிரி பிரட்டுது." டிரேயைப் பிடித்துக்கொண்டே இருந்தேன். இரண்டு தடவை ஓங்கரித்தார், ஒன்றும் வரவில்லை. பிறகு சட்டென்று நிமிர்ந்து நெஞ்சில் கை வைத்து, "இறங்கிடுச்சு" என்றார். அதைச் சொல்லும்போது அவர் கண்ணில் தண்ணீர். ஒரு ஸ்பூன் தண்ணீர் கொடுத்தேன், போனது. அரை தம்ளர் கொடுத்தேன், அதுவும் போனது.

எல்லோருக்கும் சந்தோஷம், எனக்கும். எண்டோஸ்கோப்பிக்கு ஒரு தேதி எழுதிக் கொடுத்து அனுப்பினோம். அவர் அதற்கு வரவில்லை. எட்டு மாதம் கழித்து, அதே கிண்ணம், அதே எச்சில். இந்தத் தடவை குளுக்ககான் அசைக்கவே இல்லை. ஸ்கோப் போட்டு எடுத்தபோது உள்ளே குழாய் முழுக்க வளையம் வளையமாக இருந்ததாம். முதல் தடவையே பார்த்திருக்க வேண்டியது. "சரியாப் போச்சு, பயப்படாதீங்க" என்று வாசல் வரை கொண்டுபோய் விட்டது நான்தான். அது இன்னும் உறுத்துகிறது.

உங்களில் யாருக்காவது இந்த ஊசி போட்டிருந்தால், அல்லது நீங்கள் யாருக்காவது போட்டிருந்தால், என்ன நடந்தது என்று எழுதுங்கள். பலித்ததை மட்டுமல்ல, பலிக்காததையும்.

மெதுவாகச் சாப்பிடுபவன்:

சிஸ்டர், நீங்க எழுதினது என்னைப் பத்தி எழுதின மாதிரியே இருக்கு. எனக்கு ஊசி பலிக்கல.

31 வயசுல ஒரு விருந்துல நடந்தது. ரெண்டாவது வாய். நெஞ்சுக்கு நடுவுல யாரோ முஷ்டியை வெச்சு அழுத்துற மாதிரி ஒரு வலி. எழுந்து கழிவறைக்குப் போயிட்டேன், கூட இருந்தவங்களுக்குத் தெரியக் கூடாதுன்னு. இது எனக்குப் புதுசு இல்ல. அஞ்சு பத்து நிமிஷம் நின்னா தானா இறங்கிடும். அன்னிக்கு இறங்கல. ஒரு மணி நேரம் வாஷ்பேசின் முன்னாடியே நின்னேன்.

ஆஸ்பத்திரியில குளுக்ககான் போட்டாங்க. எனக்குக் கிடைச்சது வாந்தி மட்டும்தான். அதுலயும் வெறும் எச்சில் நுரை. அடைச்சது அங்கேயே உக்காந்திருந்தது. ஓங்கரிக்கிறப்போ நெஞ்சே கிழிஞ்சிடும்போல இருந்துச்சு. அடுத்த டோஸ் போடலாமான்னு ஒருத்தர் கேட்டதுக்கு, டியூட்டி டாக்டர் "வேண்டாம், ஸ்கோப்புக்கே போயிடலாம்"னு சொன்னார். அந்த மனுஷனுக்கு இன்னிக்கும் நன்றி சொல்றேன்.

மயக்க மருந்து கொடுத்து, எச்சில் நுரையீரலுக்குப் போகாம மூச்சுக்குழாய்க்குள்ள ஒரு டியூப் போட்டுட்டு, ஸ்கோப்பால மெதுவா வயித்துக்குத் தள்ளிட்டாங்களாம். கண்ணு முழிச்சதும் நான் செஞ்ச முதல் காரியம் எச்சில் முழுங்கிப் பாத்ததுதான். போச்சு. அந்த ஒரு முழுங்கல் எவ்வளவு பெரிய விஷயம்னு அனுபவிச்சவனுக்குத்தான் தெரியும்.

உள்ளேருந்து ஆறு இடத்துல பயாப்ஸி, அதாவது பரிசோதனைக்குச் சின்னச் சதைத் துணுக்கு, எடுத்திருந்தாங்க. முடிவு: ஈசினோஃபிலிக் ஈசோஃபஜைடிஸ். அலர்ஜி சம்பந்தப்பட்ட வெள்ளணுக்கள் உணவுக்குழாய்ச் சுவருக்குள்ள வந்து குடியேறி, நாளாக நாளாகச் சுவரைத் தடிக்க வெச்சு இறுக்கிடுதாம். அப்போ டாக்டர் கேட்ட கேள்விகளை நான் மறக்கவே மாட்டேன். "ஒவ்வொரு வாய்க்கும் தண்ணி குடிப்பீங்களா? எல்லாரும் எழுந்து போனப்புறமும் நீங்க மட்டும் சாப்பிட்டுக்கிட்டு இருப்பீங்களா? இறைச்சியைப் பொடிப்பொடியா நறுக்கிப்பீங்களா? மாத்திரையை உடைச்சுத்தான் போடுவீங்களா?" நாலுக்கும் ஆமாம். பதினஞ்சு வருஷமா அதை என் சுபாவம்னு நெனச்சுக்கிட்டு இருந்தேன். வீட்ல எல்லாரும் "இவன் ஆமை"ம்பாங்க. அது சுபாவம் இல்ல, நோய்.

எலும்பை விழுங்கியவரின் மகள்:

என் அப்பாவுக்கு 74 வயது, மேலும் கீழும் பல்செட். பல்செட் போட்டவர்களுக்கு வாயின் மேலண்ணம் மூடியிருப்பதால், உள்ளே போவது எலும்பா சதையா என்று சரியாக உணர முடியாதாம். அன்றைக்கு "குத்துது" என்று கழுத்துக்குக் கீழே காட்டினார்.

மருத்துவமனைக்குப் போகிற வழியிலேயே நான் போனில் தேடி, குளுக்ககான் என்ற பெயரைப் படித்துவிட்டேன். போனதும், "அந்த ஊசி போடுங்க டாக்டர், அப்பா வயசுக்கு ஸ்கோப் வேண்டாம்" என்று மன்றாடினேன். அந்த இளம் டாக்டர் கோபப்படவில்லை. ஒரு பேனாவை எடுத்துத் தன் கழுத்திலிருந்து நெஞ்சுவரை கோடு போட்டுக் காட்டினார். "அம்மா, இந்த ஊசி தளர்த்துறது கீழ்ப்பகுதித் தசையைத்தான். மேல்பகுதியில இருக்கிறது வேற வகைத் தசை, அதுல இது வேலை செய்யாது. அதோட, குத்துற பொருள் உள்ளே இருக்கிறப்போ வாந்தி வந்தா சுவர் கிழிஞ்சிடலாம்." ஸ்கேனில் எலும்புத் துண்டு தெரிந்தது, முனை சுவரில் ஊன்றியபடி. அன்றிரவே ஸ்கோப் மூலம் எடுத்தார்கள். அதன் நுனியில் ஒரு மெல்லிய உறையை மாட்டி, எலும்பு வெளியே வரும்போது கீறாமல் எடுத்ததாகச் சொன்னார்கள். நான் கேட்டது கிடைத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்தால் இப்போதும் வயிறு கலங்குகிறது.

ஸ்கோப் அறையிலிருந்து:

நான் இரைப்பை, குடல் மருத்துவன். சிஸ்டர் கேட்ட "பலிக்காதது" என் அறைக்குத்தான் வந்து சேரும், அதனால் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

குளுக்ககான் கணையத்தின் ஆல்பா செல்கள் சுரக்கிற ஹார்மோன். மென்தசையைத் தளர்த்துகிற குணமும் அதற்கு உண்டு. இரைப்பை, குடல் படம் எடுக்கும்போது குடல் அசையாமல் இருக்கக் கதிரியக்க மருத்துவர்கள் இதைப் பயன்படுத்திவந்தார்கள். உணவு அடைப்புக்கு இதைக் கொடுத்துப் பார்த்த அனுபவம் முதலில் வெளியானதும் ஒரு கதிரியக்க இதழில்தான், 1977இல். நரம்பில் போட்டால் ஒரு நிமிடத்துக்குள் தளர்வு தொடங்கும், அரை மணி நேரத்துக்குள் பெரும்பாலும் தீர்ந்துவிடும். ஆகவே போட்டுவிட்டு மணிக்கணக்காகக் காத்திருப்பதில் பொருளே இல்லை.

பலன் எவ்வளவு? 1995இல் வெளியான ஸ்வீடன் ஆய்வில் ஒரு பகுதி நோயாளிகளுக்குக் குளுக்ககானும் டயஸிபாம் என்ற தசை தளர்த்தும் மருந்தும், மற்றவர்களுக்கு வெறும் போலி மருந்தும் கொடுத்தார்கள். மருந்து பெற்றவர்களில் 38 சதவீதத்தினருக்கு அடைப்பு விலகியது. போலி மருந்து பெற்றவர்களில் 32 சதவீதம். சிறிய ஆய்வுதான். ஆனால் நாம் "ஊசி வேலை செய்தது" என்று மகிழ்கிற பலருக்கு அது தானாகவே இறங்கியிருக்கும் என்பதை அந்த இரண்டு எண்கள் சொல்கின்றன. கோலா குடித்தால் இறங்கும் என்ற நம்பிக்கையையும் நெதர்லாந்தில் சோதித்தார்கள், 2023இல் முடிவு வந்தது. அடைப்பு முழுசாகவோ ஓரளவோ விலகியது குடித்தவர்களிலும் 61 சதவீதம், வெறுமனே காத்திருந்தவர்களிலும் 61 சதவீதம்.

காரணம் எளிது. உணவு நிற்பது பெரும்பாலும் தசை இறுகியதால் அல்ல, அங்கே குழாயே குறுகியிருப்பதால். நாள்பட்ட அமில எதுக்களிப்பால் வந்த தழும்பு, இரைப்பை சேரும் இடத்தில் மெல்லிய சவ்வு வளையம், மேலே நண்பர் எழுதிய ஈசினோஃபிலிக் நோய். தழும்பை எந்த ஹார்மோனும் தளர்த்தாது.

எனக்கு மறக்க முடியாதது வேறொரு இடத்திலிருந்து அனுப்பப்பட்ட ஒரு பெண். அங்கே ஒரு டோஸ் போட்டு, காத்திருந்து, இன்னொன்று போட்டு, "காலையில் பார்த்துக்கொள்ளலாம்" என்று விட்டிருக்கிறார்கள். எங்களிடம் வந்தபோது 14 மணி நேரம் ஆகியிருந்தது. இறைச்சித் துண்டு ஊறிப் பஞ்சாகி, வலைக்குள் பிடிபடாமல் பிய்ந்து பிய்ந்து வந்தது. துண்டு துண்டாக எடுக்க ஒன்றரை மணி நேரம். அது உட்கார்ந்திருந்த இடத்தில் சுவர் வெந்ததுபோல் வெளுத்துப் புண்ணாகியிருந்தது. ஓட்டை விழவில்லை, அவ்வளவுதான். எச்சில் இறங்காத அளவுக்கு அடைப்பு என்றால் ஐரோப்பிய வழிகாட்டுதல் சொல்வது முடிந்தால் 2 மணி நேரத்துக்குள், மிஞ்சிப்போனால் 6 மணி நேரத்துக்குள் ஸ்கோப். எச்சில் இறங்குகிறது என்றாலும் 24 மணி நேரத்துக்குமேல் விடக் கூடாது.

நான் குளுக்ககானுக்கு எதிரி அல்ல. எங்கள் குழு வண்டியில் வந்துகொண்டிருக்கும்போது போடுங்கள், இறங்கினால் நல்லது. எங்களுக்குப் போன் செய்வதற்கு முன்னால் மட்டும் போடாதீர்கள்.

மருந்தாளுநர்:

சுருக்கமாக இரண்டு விஷயம். அட்ரினல் சுரப்பியில் ஃபியோகுரோமோசைட்டோமா என்ற கட்டி இருப்பவர்களுக்கு இந்த ஊசி கூடவே கூடாது, ரத்த அழுத்தம் எகிறிவிடும். இன்சுலினோமா என்ற, இன்சுலின் சுரக்கும் கணையக் கட்டி இருப்பவர்களுக்கும் ஆகாது, முதலில் சர்க்கரை ஏறிப் பிறகு அபாயமாக இறங்கும்.

இன்னொன்று. இன்சுலின் போடும் பையன் இருக்கும் வீட்டிலிருந்து ஒரு தாத்தா போன் செய்தார். "பேரனுக்கு வெச்சிருக்கிற ஊசி வீட்லயே இருக்கு, எனக்கு நெஞ்சுல அடைச்சிருக்கு, போட்டுக்கட்டுமா?" வேண்டாம் ஐயா, உடனே கிளம்புங்கள் என்றேன். தனியாக வாந்தி எடுத்து அது நுரையீரலுக்குள் போனால் பக்கத்தில் சக்ஷன் பிடிக்க யாருமில்லை. அதைவிட, அன்றிரவு பேரனுக்குச் சர்க்கரை இறங்கியிருந்தால் வீட்டில் ஊசி இருந்திருக்காது. இறைச்சியை மென்மையாக்கும் பப்பாளிப் பொடியைக் கரைத்துக் குடிக்கலாமா என்றும் சிலர் கேட்கிறார்கள். அது இறைச்சிக்கும் உணவுக்குழாய்க்கும் வித்தியாசம் பார்க்காது. ஓட்டை விழுந்து உயிரே போயிருக்கிறது.

இரவுப்பணி செவிலி:

டாக்டர், அந்த 38, 32 கணக்கை எங்கள் ஓய்வறைப் பலகையில் எழுதி வைத்திருக்கிறேன். இப்போதெல்லாம் ஊசியில் இறங்கியவர்களையும் அப்படியே அனுப்புவதில்லை. கிளம்பும் முன் பக்கத்தில் உட்கார்ந்து, ஆமைத் தம்பியிடம் கேட்ட அந்த நாலு கேள்வியை நானும் கேட்கிறேன். போன வாரம் ஒரு பெண்ணிடம் கேட்டபோது அவர் பதில் சொல்லும் முன் கணவர் சொன்னார்: "ஒரு மணி நேரம் ஆகும் சிஸ்டர், நாங்க பாத்திரம் கழுவி முடிச்சிருப்போம்." அங்கிருந்தே எண்டோஸ்கோப்பி பிரிவுக்குப் பேசி, மறுநாள் காலைக்கே நேரம் வாங்கிக் கொடுத்தேன். வந்துவிட்டார்.

தம்பி, உங்களுக்கு இப்போது எப்படி இருக்கிறது? என்ன மருந்து?

மெதுவாகச் சாப்பிடுபவன்:

பியூடசோனைடு அக்கா, அழற்சியைத் தணிக்கிற ஸ்டீராய்டு மருந்து. கெட்டியாக் கலக்கி, காலையிலும் ராத்திரியும் முழுங்கணும். அப்புறம் அரை மணி நேரம் தண்ணிகூட கூடாது, மருந்து சுவர்ல ஒட்டி நிக்கணுமாம். பத்து வாரம் ஆச்சு. முந்தாநாள் சாப்பிட்டு எழுந்தப்போ தம்ளர்ல தண்ணி அப்படியே இருந்துச்சு, அம்மாதான் கவனிச்சு சொன்னாங்க. திரும்ப ஸ்கோப் போட்டுப் பயாப்ஸி பாக்கணும், வர்ற 18ஆம் தேதி. ரிசல்ட் வந்ததும் எழுதுறேன்.