அன்டோன் லுட்ஸ்கேவிச் தோத்துப்போன அரசியல்வாதியா?

இரவுவாசகன்:
எல்லாருக்கும் வணக்கம். 2021ல பெலாரஸ் அரசாங்கம் நாஷா நீவான்னு ஒரு செய்தி சைட்டை முடக்குனதைப் பத்திப் படிச்சிட்டு இருந்தேன். அந்தப் பேரு 1906லயே வில்னாவுல, அதாவது இப்போதைய வில்னியஸ்ல, ஆரம்பிச்ச ஒரு வாரப் பத்திரிகையோட பேராம், "நம்ம வயல்"னு அர்த்தமாம். அதைப் பிடிச்சுட்டே போனா அன்டோன் லுட்ஸ்கேவிச்ங்கிறவர்கிட்ட வந்து நிக்குது. பத்திரிகைக்காரர், அப்புறம் பெலாரஸ் மக்கள் குடியரசோட பிரதமர், கடைசில சோவியத் கைதியா செத்துருக்கார். ஜெர்மன்காரனை நம்புனார், போலந்துக்காரன்கிட்ட பேசுனார், பாரிஸ் வரைக்கும் போனார், ஒண்ணும் நிக்கலையே. அப்புறம் ஏன் அங்க உள்ளவங்க இவ்ளோ மரியாதையா இவர் பேரை எடுக்குறாங்க? படிச்சவங்க யாராவது சொல்லுங்க.

வரலாற்றுப்பித்தன்:
சகோ, நீங்க பிரதமர் பதவில இருந்து பாக்குறீங்க, நான் பத்திரிகைல இருந்து பாக்கச் சொல்வேன். ரஷ்ய ஜார் ஆட்சிக்கு எதிரா எழுந்த 1863 கிளர்ச்சியை நசுக்குனதுக்கப்புறம் ஜார் அரசு பெலாரஸ் மொழில எதையும் அச்சடிக்க கிட்டத்தட்ட விடவே இல்ல, அது தனி மொழியே கிடையாது, ரஷ்ய மொழியோட கொச்சைன்னு சொல்லிட்டாங்க. 1905 புரட்சிக்கப்புறம்தான் கொஞ்சம் மூச்சு விட வழி கிடைச்சுது. அன்டோனும் அவங்க அண்ணன் இவானும் அதுக்கு முன்னாடியே ஹ்ரமாதாங்கிற சோசலிஸ்ட் கட்சியை ஆரம்பிச்சவங்கள்ல இருந்தவங்க. முதல்ல நாஷா தோல்யான்னு ஒரு பேப்பர் போட்டாங்க, சூடு ஜாஸ்தி, ஆறு இதழோட அரசாங்கம் நிறுத்திடுச்சு. அடுத்து நவம்பர் 1906ல நாஷா நீவா, இதுல நிதானமா போனாங்க, அதனாலதான் ஆகஸ்ட் 1915 வரைக்கும், ஜெர்மன் படை வில்னாவை நெருங்குற வரைக்கும், வந்துச்சு. எடிட்டரா பேரு போட்டுக்கிட்டது ரொம்ப நாளைக்கு உலாசாவ், ஆனா பின்னாடி இருந்து ஓட்டுனதுல லுட்ஸ்கேவிச் சகோதரர்களுக்குப் பெரிய பங்கு. யாங்கா குபாலா, யாகுப் கோலாஸ்னு இன்னிக்கு அங்க பள்ளிக்கூடப் புத்தகத்துல இருக்குற கவிஞர்கள் எல்லாம் இதுல எழுதுனவங்க, கடைசில குபாலாவே எடிட்டர் ஆனார். அதைவிட எனக்குப் பெருசா தெரியிறது கிராமத்துல இருந்து வந்த கடிதங்கள். விளைச்சல், நிலத் தகராறு, பள்ளிக்கூடம்னு விவசாயிங்க அவங்க பேசுற பேச்சுலயே எழுதி அனுப்ப, அது அப்படியே அச்சுல வருது. "என் பேச்சும் எழுதக்கூடிய பேச்சுதான்"னு ஒருத்தனுக்குத் தெரியுறதுக்கு வேற என்ன வேணும்.

அச்சுமை:
உள்ள வரேன் மன்னிக்கணும். அந்தப் பேப்பரை 1912 வரைக்கும் ரெண்டு எழுத்துல போட்டாங்கங்கிறதை யாரும் சொல்லலையே! கத்தோலிக்கர்களுக்குப் பழக்கம் லத்தீன் எழுத்து, ஆர்த்தடாக்ஸ் ஆளுங்களுக்கு சிரிலிக், அதாவது ரஷ்ய மொழி எழுதுற எழுத்து. யாரையும் விட்டுறக் கூடாதுன்னு ஒரே விஷயத்தை ரெண்டு தடவை அச்சுக்கோத்துருக்காங்க. எங்கப்பா கம்போசிட்டர், ஒவ்வொரு எழுத்தா பொறுக்கி அடுக்கி, ப்ரூஃப் எடுத்து, திருத்தி, மறுபடி அடுக்கி, ராத்திரி வீட்டுக்கு வந்தா விரல் நிமிராது, அதையே ரெண்டு தடவை செய்யறதுன்னா காசும் ரெட்டிப்பு உழைப்பும் ரெட்டிப்பு. வாரா வாரம், ஆறு வருஷம். இதைப் படிச்சப்ப எனக்குக் கண்ணு கலங்கிடுச்சு. 1912ல காசு கட்டுப்படியாகாம சிரிலிக் மட்டும்னு முடிவு பண்ணாங்க, அது எவ்ளோ கஷ்டமான முடிவா இருந்துருக்கும்.

தேன்மொழி:
பத்திரிகை விஷயத்துல எனக்கும் மறுப்பு இல்ல. ஆனா அரசியல்ல பண்ணதை மூடி மறைக்க வேணாம். 25 மார்ச் 1918ல, ராத்திரி பூரா வாக்குவாதம் பண்ணி விடிகாலைல மின்ஸ்க்ல பெலாரஸ் மக்கள் குடியரசோட சுதந்திரத்தை அறிவிச்சாங்க, அதுக்கு வில்னால இருந்து வந்த லுட்ஸ்கேவிச் ஆளுங்க கொடுத்த அழுத்தம் முக்கியக் காரணம். சரி. ஆனா அப்ப ஊரு ஜெர்மன் படை கையில. ஒரு மாசம் கழிச்சு அந்த ராதா, அதாவது குடியரசோட மன்றம், ஜெர்மன் பேரரசருக்கு நன்றி சொல்லித் தந்தி அனுப்புச்சு, அதுலயே சோசலிஸ்டுகள் பிச்சுக்கிட்டுப் போயிட்டாங்க. இவர் பிரதமரான கொஞ்ச நாள்ல, டிசம்பர்ல சோவியத் செஞ்சேனை மின்ஸ்க்குள்ள வந்துடுச்சு. 1919ல முதல் உலகப்போர் முடிஞ்சு நடந்த பாரிஸ் சமாதான மாநாட்டுக்குப் போனார், அங்கயும் யாரும் கதவைத் திறக்கல. போலந்தோட பேசிப் பாக்கலாம்னார், ராதாவுல இருந்த இன்னொரு தலைவர் லாஸ்தோவ்ஸ்கியோட ஆளுங்க ஒத்துக்கல, அந்த வருஷ டிசம்பர்ல ராதாவே ரெண்டா உடைஞ்சுது. 1921ல ரீகா ஒப்பந்தத்துல போலந்தும் சோவியத்தும் அந்த மண்ணைப் பங்கு போட்டுக்கிட்டப்ப இவங்களைக் கேக்கவே இல்ல.

வரலாற்றுப்பித்தன்:
தேன்மொழிக்கா, தந்தி தப்புதான், நான் அதுக்கு வக்காலத்து வாங்கல. ஆனா கையில படையும் இல்ல, பணமும் இல்ல, மூணு பக்கமும் பெரிய பெரிய சேனை, யார்கிட்டயாவது பேசித்தான் ஆகணும். அப்புறம் நடந்ததைப் பாருங்க. வில்னாவுல ஒதுங்கி, பெலாரஸ் மியூசியத்தைப் பாத்துக்கிட்டார். 1919ல காசநோய்ல செத்துப்போன அண்ணன் இவான் ஊர் ஊரா சேத்து வெச்ச சாமான்தான் அந்த மியூசியம். அதுல ஒரு கையெழுத்துப் பிரதி இருந்துச்சு, தாத்தார் முஸ்லிம்கள் பெலாரஸ் மொழியை அரபு எழுத்துல எழுதுனது. அச்சுமை அண்ணே, உங்களுக்காகத்தான் சொல்றேன், மூணாவது எழுத்து!
அப்ப வில்னா போலந்து கையில, 1927ல போலந்து போலீஸ் இவரைப் பிடிச்சுது, அடுத்த வருஷம் கோர்ட் விட்டுருச்சு. 1939 செப்டம்பர்ல சோவியத் படை வில்னாவுக்குள்ள வந்துச்சு, அந்த மாசம் முடியறதுக்குள்ள இவரைக் கைது பண்ணிட்டாங்க. நாஷா நீவா எடிட்டர் உலாசாவையும் விடல. ரெண்டு வருஷம் விசாரணை, எட்டு வருஷ முகாம் தண்டனை, 1942ல ரஷ்யாவுல சரடோவ் பக்கம் அட்கார்ஸ்க்ல செத்துப்போனார், 58 வயசு. 1989லதான் குத்தமில்லாதவர்னு அறிவிச்சாங்க. போர் முடிஞ்சதும் மியூசியத்தையும் கலைச்சு, சாமானை லிதுவேனியாவுக்கும் பெலாரஸுக்கும்னு பிரிச்சுட்டாங்க.

இரவுவாசகன்:
மூணு பேருக்கும் ரொம்ப நன்றி. இப்பதான் இன்னொண்ணு கண்ணுல பட்டுச்சு, 1931ல வந்த பெலாரஸ் மொழி புதிய ஏற்பாடு, ஒரு பாப்டிஸ்ட் போதகரோட சேந்து இவர் மொழிபெயர்த்ததாம். அரசாங்கம் போயி, கட்சி போயி, ஜெயிலுக்கும் போயிட்டு வந்த மனுஷன் உக்காந்து இதைப் பண்ணிருக்கார். கேள்வியோட தலைப்பை மாத்த முடியுமான்னு பாக்குறேன்.