சிறையிலிருந்து வந்த அண்ணன், அம்மா வீட்டில் மதினி: யார் இறங்கி வர வேண்டும்?

தங்கச்சிமடத்தான்:
எங்கள் அண்ணன் விசைப்படகுக்குப் போகிறவர். எல்லை தாண்டியதாக இலங்கைக் கடற்படை இரண்டாம் முறை பிடித்ததில் ஒரு வருடம் சிறை. தை மாதம்தான் வந்தார். மதினி பாம்பன் பக்கம் சின்னப்பாலத்தில் அம்மா வீட்டில் இருந்து, கடல்பாசி எடுத்து இரண்டு பிள்ளைகளையும் காப்பாற்றுகிறார். அண்ணன் போய்க் கூப்பிட்டும் வரவில்லை. ஜெயிலிலிருந்து வந்த மனுசனை இப்படி நிறுத்தி வைப்பது சரியா?

வடகடல்:
சரியே இல்லை. அவர் என்ன திருடிவிட்டா உள்ளே போனார்? 1974-ல் கச்சத்தீவு போனது, 1976-க்குப் பிறகு அந்தப் பக்கம் வலை போடும் உரிமையும் போனது. மீன் இருக்கிற பக்கம்தானே வலை போகும்? வயிற்றுப்பாட்டுக்குப் போனவரை வீட்டுக்காரியும் கைவிட்டால் எப்படி?

பாசிக்காரி மகள்:
கைவிட்டதாக யார் சொன்னது? முதல் முறை ஒத்திவைத்த தண்டனையோடு விட்டிருப்பார்கள். மறுபடி பிடிபட்டால் சிறைதான் என்று தெரிந்தேதான் ஏறியிருக்கிறார். எங்கள் அம்மாவும் பாசி எடுத்தவர். விரலில் துணி சுற்றிக்கொண்டு, மூச்சைப் பிடித்து முங்குவார். துணி நழுவினால் பாறை கிழித்துவிடும். ராத்திரி குழம்பு பட்டால் எரியும் என்று எங்களுக்குச் சோறு பிசைந்து ஊட்டியதே இல்லை. ஒரு வருடம் அப்படிக் கிடந்த மதினிக்கு 'வா' என்ற ஒரு சொல் போதுமா? அண்ணன் படகேறிய அன்றைக்கு மதினி என்ன சொன்னார் என்று கேட்டீர்களா தம்பி?

தங்கச்சிமடத்தான்:
"அந்தப் படகுல ஏறாதீங்க" என்று அழுதிருக்கிறார், அக்கா. முன்பணம் வாங்கிவிட்டதால் அண்ணன் போனார். அந்தக் கடனையும் மதினிதான் அடைத்தார்.

வடகடல்:
கடன் விஷயம் எனக்குத் தெரியாது. அப்படியும், பிள்ளைகள் பார்க்க அப்பாவை வாசலில் உட்கார வைப்பதை என் மனசு ஒப்பவில்லை. ஒரே வீட்டில் இருந்துகொண்டு கோபப்படட்டும்.

பாசிக்காரி மகள்:
ஏப்ரல் 15 முதல் 61 நாள் விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடைக்காலம். அது முடிந்து அவர் எந்தப் படகில் ஏறுகிறார் என்று பார்த்துவிட்டு மதினி வரட்டும். தென்கடலில், அதாவது மன்னார் வளைகுடாப் பக்கம், நாட்டுப்படகுக்குப் போனால் பங்கு குறைவுதான். ஆனால் ஆள் வீடு திரும்புவார்.

தங்கச்சிமடத்தான்:
நாட்டுப்படகுக்கு அண்ணன் இப்போதே சொல்லி வைத்துவிட்டார். இன்று காலை நானும் கூடப் போனேன். மதினி பாசிக்குக் கிளம்பும் நேரம். அண்ணன் தன் பழைய கைலியைக் கிழித்து, விரலுக்கு ஒன்றாகப் பத்துத் துண்டு கொண்டுபோயிருந்தார். மதினி பேசவில்லை. கையை மட்டும் நீட்டினார். அண்ணன் ஒவ்வொரு விரலாகச் சுற்றிக் கட்டினார். கட்டைவிரலுக்கு வந்தபோதுதான், "இறுக்காதீங்க, மடங்காது" என்றார்.