பிராதில் விளம்புகைப் பரிகாரம் சேர்க்க வேண்டும்: முன்தீர்ப்பு இருந்தால் கொடுங்கள்

அண்ணாச்சிமார், அக்காமார்களுக்கு வணக்கம். சேரன்மகாதேவி பக்கம் ஒரு நஞ்சை. நிரந்தர உறுத்துக்கட்டளை (அனுபவத்தில் தலையிடக் கூடாது என்ற தடை) மட்டும் கேட்டுத் தாவா. எதிருரையில் பிரதிவாதி நம் கிரயப் பத்திரத்தையே மறுத்து, நிலம் தனக்குப் பாத்தியம் என்கிறார். அப்படி உரிமையிலேயே தகராறு வந்தபின் வெறும் உறுத்துக்கட்டளை நிற்காது; நிலம் நமக்கே உரியது என்று அறிவிக்கும் விளம்புகையும் கேட்க வேண்டும். அனதுலா சுதாகர் தீர்ப்பு, (2008) 4 எஸ்சிசி 594, அதைத் தெளிவாகச் சொல்கிறது.

சொத்து விவரத்திலும் உட்பிரிவு 2பி என்பது 2ஏ என்று விழுந்திருக்கிறது. அது பெரிய பாடில்லை. வடக்கே கன்னடியன் கால்வாய் உள்பட நான்குமால் (நான்கு எல்லை) சரியாக இருக்கிறது. பட்டா, 'அ' பதிவேடு, புலப்படம் வைத்தால் போதும்.

கவலையெல்லாம் விளம்புகைதான். வாதி சாட்சி 1-இன் (வா.சா.1) நிரூபண வாக்குமூலம் (முதல் விசாரணைக்குப் பதிலான அபிடவிட்) தாக்கலாகிவிட்டது, குறுக்கு விசாரணை ஆகவில்லை. வாக்குமூலம் தாக்கலானாலே விசாரணை தொடங்கிவிட்டது என்பது வித்யாபாய் தீர்ப்பு, (2009) 2 எஸ்சிசி 409. ஆகவே உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 6 விதி 17-இன் காப்புரை (விசாரணை தொடங்கியபின், உரிய கவனம் எடுத்தும் முன்பே கேட்க முடியவில்லை என்று காட்டினாலன்றித் திருத்தம் கிடையாது என்பது) குறுக்கே நிற்கும். 'முன்பே ஏன் கேட்கவில்லை' என்பதற்கு அபிடவிட்டில் தேதிவாரியாகப் பதில் இல்லாவிட்டால் மனு தள்ளுபடிதான். எதிருரை தாக்கலாகி 3 வருடம் ஆகவில்லை என்பதால் காலவரையறைக்குள்தான் இருக்கிறோம். கூடுதல் நீதிமன்றக் கட்டணம் கட்டத் தயார். மதிப்பு முன்சீப் வரம்புக்குள்ளேயே வருகிறது.

இதே கட்டத்தில் மதுரைக் கிளை திருத்தத்தை அனுமதித்த உத்தரவு யாரிடமாவது இருக்கிறதா? காப்புரைக்குப் பதில் சொல்லும் அபிடவிட் பத்தி மாதிரி, பெயர்களை அடித்துவிட்டு, அனுப்பினால் பேருதவி.