ஏப்லஸ்கீவர் சுட்டு என் பணியாரக் கை பட்ட பாடு

டென்மார்க்கில் டிசம்பர் பிறந்துவிட்டால் எந்த வீட்டுக்குப் போனாலும் ஏப்லஸ்கீவர்தான். தட்டில் மூன்று உருண்டை, மேலே பொடித்த சர்க்கரை, ஓரத்தில் ஜாம். இங்கே ஆர்ஹஸ் நகரத்துக்கு வந்த முதல் வருஷம் அதைப் பார்த்ததுமே, "அட, நம்ம குழிப்பணியாரம்!" என்று வாயை விட்டுவிட்டேன். காரைக்குடிக்காரி நான். குழியில் மாவு ஊற்றித் திருப்ப எனக்கு யார் சொல்லித்தரணும்?

பழைய சாமான் கடையில் ஏழு குழி வார்ப்பிரும்புச் சட்டி கிடைத்தது. 250 கிராம் மைதா, 4 டெசிலிட்டர் (400 மி.லி.) மோர், 3 முட்டை, ஒரு மேசைக்கரண்டி சர்க்கரை, அரை டீஸ்பூன் சமையல் சோடா, உப்பு, ஏலப்பொடி, எலுமிச்சைத் தோல் துருவல். மோர் என்றால் நீர்மோர் இல்லை. கடைந்த தயிர் மாதிரி கெட்டியாக இருக்கும் 'கேர்னமெல்க்'. அதன் புளிப்புதான் சோடாவைப் பொங்க வைக்கிறது. முட்டை வெள்ளையைத் தனியாக நுரைக்க அடித்து, கடைசியில் நுரை அடங்காமல் கலக்கணும்.

எல்லாம் சரியாகத்தான் செய்தேன். பணியாரத்துக்குப் போல மேல்மாவு இறுகும்வரை காத்திருந்து திருப்பினேன். ஒரு பக்கம் தொப்பை, மறுபக்கம் தட்டை! பக்கத்து வீட்டுப் பாட்டி பார்த்துச் சிரித்துவிட்டு, வீட்டுக்குப் போய் ஸ்வெட்டர் பின்னுகிற இரும்பு ஊசியோடு வந்தார். அடியில் தோல் கட்டியதும், உள்ளே கொழகொழவென்று இருக்கும்போதே, கால்வாசிதான் திருப்பணுமாம். பச்சை மாவு வழிந்து குழிக்குள் இறங்கி அடுத்த பக்கத் தோலாகும். பொறுத்து இன்னொரு கால். அப்படியே வாய் மூடிக்கொள்கிறது. தீ மட்டாக இருக்கணும், கூட்டினால் வெளியே கரி, உள்ளே மாவு. மூன்றாவது ஈட்டில்தான் எனக்குக் கை வந்தது.

*

உங்கட பதிவு வாசிச்சனான். நாங்கள் டென்மார்க்கில ஹேர்னிங் எண்ட ஊரில முப்பது வருஷமா இருக்கிறம். டிசம்பரில பள்ளிக்கூடத்தில பிள்ளைகள் கடதாசி வெட்டி ஒட்டி நத்தார் சோடனை செய்யிற நாள் ஒண்டு வரும். மகளின்ர வகுப்புக்கு ஏப்லஸ்கீவர் கொண்டு வரச் சொன்னவை. விடிய நாலு மணிக்கு எழும்பி அறுபது சுட்டனான். அங்க போனால் டேனிஷ் அம்மாமார் எல்லாரும் உறைய வைச்ச பைக்கற்றை அவணில சூடாக்கிக் கொண்டு வந்திருக்கினம்! பேருக்கு அர்த்தம் 'அப்பிள் துண்டுகள்', ஆனா அதில அப்பிள் மருந்துக்கும் இல்லை. அடுத்த வருஷத்தில இருந்து நானும் பைக்கற்றுத்தான், பொய் சொல்லேல்ல.

*

உங்கள் பதிவைப் படித்துவிட்டு நான் சென்னையில் நான்ஸ்டிக் பணியாரக்கல்லில் செய்து பார்த்தேன். குழி ஆழம் போதாது, கொஞ்சம் சப்பையாகத்தான் வந்தது. இரும்பு ஊசி கல்லைக் கீறும் என்று மூங்கில் குச்சியால் திருப்பினேன். தயிரில் பால் விட்டு அடித்தது மோருக்குச் சரியாகவே ஈடுகட்டியது. பேருக்கு ஏற்ற மாதிரி இருக்கட்டுமே என்று ஆப்பிள் வைத்தேன், நடுவில் சொதசொதவென்று ஆகிவிட்டது. ஏன்?

*

சென்னையில் செய்து பார்த்தவருக்கு: ஆப்பிளைப் பச்சையாக வைத்தீர்களோ? ஆப்பிள் நீர் விடும். பொடியாக நறுக்கி வெண்ணெயில் வதக்கி ஆறவிடுங்கள். குழியில் பாதி மாவு, அதன்மேல் துண்டு, மூடுகிற அளவுக்கு இன்னும் கொஞ்சம் மாவு. உங்கள் கல்லுக்குப் பட்டாணி அளவு துண்டே போதும்.