ஸ்பானிய மொழியினர் சமயப் பெயர்களை விரும்பிச் சூட்டுவது ஏன்?

வினா – நெய்தல்:
வணக்கம். ஸ்பெயின், மெக்சிகோ நாட்டு விளையாட்டு வீரர்களின் பட்டியலைப் படிக்கும்போதெல்லாம் ஹெசூஸ் என்ற பெயர் தென்படுகிறது. ஆங்கிலேயர்கள் கிறித்தவர்களாக இருந்தும் இயேசுவின் பெயரைப் பிள்ளைக்கு இடுவது அரிது. பெண்களுக்கோ துயரங்கள் எனப் பொருள்படும் தொலோரெஸ், தனிமை எனப் பொருள்படும் சொலெதாத் ஆகிய பெயர்கள் உள்ளன. எந்தப் பெற்றோர் இப்படிப் பெயரிடுவார்கள்? அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

மறுமொழி – ஏட்டுச்சுவடி:
தொலோரெஸ் என்பது 'மரியா தெ லொஸ் தொலோரெஸ்' என்பதன் சுருக்கம். நம் ஊர்க் கத்தோலிக்கர் வியாகுல மாதா என்று வணங்கும் அதே அன்னைதான். சொலெதாத்தும் மாதாவின் திருப்பெயரே. வீட்டுக்கு வீடு மரியா இருந்ததால், அடைமொழியே அழைக்கும் பெயராக நிலைத்துவிட்டது. அந்த அடைமொழி பெரும்பாலும் ஓர் ஊரின் மாதாவைச் சுட்டும் என்பதுதான் என்னை மிகவும் கவர்வது: சரகோசாவில் தூண்மீது வீற்றிருக்கும் மாதாவால் பிலார், பில்பாவோவில் பெகோஞா, அஸ்தூரியாஸ் மலைக்குகைக் கோயிலால் கொவதோங்கா, கத்தலோனியாவில் மொன்செராத் எனப் பெயரைக் கேட்டே குடும்பத்தின் பூர்விகத்தை ஓரளவு ஊகிக்கலாம். 1531இல் ஹுவான் தியேகோ என்ற மெக்சிகோ பூர்வகுடிக்குக் காட்சி தந்ததாக நம்பப்படும் குவாதலூப்பே மாதாவின் பெயரை மெக்சிகோவில் ஆண்களுக்கும் சூட்டுகிறார்கள்.

ஹெசூஸ் என்ற பெயரிலும் இதே உரிமையும் நெருக்கமும் உண்டு. ஹெசூஸ் மரியா என்றால் ஆண், மரியா ஹெசூஸ் என்றால் பெண். மெக்சிகோவில் ஹெசூஸைச் செல்லமாகச் 'சூய்' என்று அழைப்பதில் யாரும் அவமதிப்பைக் காண்பதில்லை.

மறுமொழி – பழைய பதிவேடு:
பக்தியை மட்டும் காரணமாகச் சொல்வது போதாது. திரெந்து சங்கம் எனப்படும் கத்தோலிக்க ஆயர்களின் பேரவையைத் தொடர்ந்து 1566இல் வெளிவந்த மறைக்கல்வி நூல், ஞானஸ்நானத்தில் புனிதர் ஒருவரின் பெயரை இடுமாறு வலியுறுத்தியது. பிறந்த நாளுக்குரிய புனிதரை நாள்காட்டியில் பார்த்துப் பெயரிடும் வழக்கமும் பரவியிருந்தது. ஸ்பெயினின் சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சியில் அரசின் கையும் இதில் நுழைந்தது. கத்தலான் பெற்றோர் மகனை ஜோர்தி என்று அழைத்தாலும், பதிவேட்டில் ஹோர்ஹே என்ற ஸ்பானிய வடிவமே ஏறியது. 1977ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தமே அந்தத் தடையை நீக்கியது. ஆகவே பழைய பெயர்ப் பட்டியல்களை மக்களின் விருப்பம் என்று மட்டும் படிப்பது, வற்புறுத்தப்பட்டவர்களுக்கு நாம் இழைக்கும் அநீதி என்று கருதுகிறேன்.

மறுமொழி – நெய்தல்:
இருவருக்கும் நன்றி. இன்றைய பெற்றோரும் இவற்றையே சூட்டுகிறார்களா?

மறுமொழி – ஏட்டுச்சுவடி:
ஸ்பெயினில் தொலோரெஸ், கொன்செப்சியோன் போன்றவை இன்று பெரும்பாலும் பாட்டிமாரின் பெயர்கள். அண்மை ஆண்டுகளில் பெண் குழந்தைகளுக்கு லூசியா, மர்தினா ஆகியவை முன்னணியில் இருக்கின்றன. அவையும் புனிதர்களின் பெயர்களே எனினும், ஒலியழகுக்காகத் தேர்ந்தெடுப்பவர்களே இப்போது மிகுதி என்பது என் எண்ணம். ஹவியேர் என்ற பெயரையும் இங்கே குறிப்பிட வேண்டும். நவார்ராவில் 1506இல் புனித சவேரியார் பிறந்த கோட்டையின் பெயர் அது. அவர் புகழால் அந்த இடப்பெயரே ஸ்பெயினில் ஆட்பெயராகி, நம் முத்துக்குளித்துறை ஊர்களில் சேவியராகவும் சவேரியாராகவும் வழங்குகிறது.