மறுமொழி: ‘பழங்கணக்குப் படம்’ வேண்டாமே, ‘வடுநோக்கு’ சரிப்படுமா?

ஆரணி ஐயாவுக்கு வணக்கம். நீங்கள் முன்வைத்த சொல் இது:

> தன் நாட்டின் கொடிய கடந்தகாலத்தைக் கையிலெடுக்கும் அரசியல் படத்தைப் ‘பழங்கணக்குப் படம்’ எனலாம்.

சொல் நாவில் நன்றாகத்தான் புரள்கிறது. ஆனால் வேலூர்ப் பக்கம் பழங்கணக்கு என்றாலே பங்காளிச் சண்டை. எதிராளி செய்ததைக் கிளறும் படத்துக்கு அது பொருந்தும். நமக்கு வேண்டியது, ‘நாம் என்ன செய்தோம்’ என்று கேட்கும் படத்துக்கான சொல். மேலும், கடந்தகாலத்தைப் பற்றிய பேச்சு கணக்கை மூடிவிடும் ஆசையாக மாறுவதை ஜெர்மனியில் தத்துவ அறிஞர் அடோர்னோ 1959ஆம் ஆண்டு உரையிலேயே கண்டித்துவிட்டார்.

என் பரிந்துரை: வடுநோக்கு. வடு என்றால் தழும்பு, பழியும்கூட. ‘வடுவன்று வேந்தன் தொழில்’ என்னும் குறளில் பழி என்பதே பொருள். பட்ட காயமும் செய்த பிழையும் ஒரே சொல்லில் அடங்குகின்றன.

உரசிப் பார்ப்போம். நாஜி முகாம்களைப் பற்றி பிரெஞ்சு இயக்குநர் ஆலன் ரெனே எடுத்த ‘இரவும் மூடுபனியும்’ (1956) படத்தில், பிரான்ஸ் நாட்டு முகாம் ஒன்றைக் காவல் காக்கும் பிரெஞ்சுக் காவலரின் தொப்பி தெரிந்தது. தணிக்கையாளர்கள் அதை மறைக்கவைத்தார்கள். பிணக்குவியல்களைக் காட்டலாம், நம்மவன் தொப்பியைக் காட்டக்கூடாது! அந்தத் தொப்பிதான் வடு.

நம் வேலூர்க் கோட்டைக்கு வருவோம். 1806 ஜூலை 10 சிப்பாய்ப் புரட்சியைப் படமாக்கினால், பிடிபட்ட சிப்பாய்களைச் சுவரோரம் நிறுத்திச் சுட்டதை எல்லாரும் காட்டுவார்கள். அந்தப் புரட்சிக்காக வேலூரில் நிற்கும் மக்கான் நினைவுத்தூணில் படம் முடியும். மருத்துவமனையில் படுத்திருந்த வெள்ளைச் சிப்பாய்களும் கொல்லப்பட்டதைக் காட்டுவார்களா? ஆற்காட்டிலிருந்து பிரிட்டிஷ் படை அதிகாரி கில்லஸ்பியோடு புரட்சியை அடக்க வந்தவர்களில் மதராஸ் குதிரைப்படையின் நம்மூர்க்காரர்களும் இருந்தார்களே, அவர்கள் முகத்தைக் காட்டுவார்களா? காட்டினால் அது வடுநோக்கு; இல்லையென்றால் வீரவணக்கப் படம். அதுவும் இருக்கட்டும், பெயர் வேறு.

*

வேலூர்த் தம்பிக்கு,

பழங்கணக்கைத் திரும்பப் பெறுகிறேன். ஆனால் வடு என்றதும் என் வீட்டம்மாவுக்கு ஊறுகாய்ச் சாடிதான் நினைவுக்கு வந்தது. ‘வடுவாய்வு’ என்றால் குழப்பம் குறையாதா?

*

ஐயா,

மாவடு வாசனை எனக்கும் வந்தது. இருந்தாலும் ‘ஆய்வு’ என்றால் பல்கலைக்கழக வாடை அடிக்கிறது. படம் ஆய்வதில்லை, பார்க்கவைக்கிறது. நோக்கே இருக்கட்டும். ‘வடுநோக்குப் படம்’ என்று எழுதும்போது ஒற்று மிகும்.